பத்திங்கி அலி திட்டில் நிற்கும் கப்பல்

சரவாக் கரையிலிருந்து சுமார் 150 கிலோமீட்டர் தொலைவில், கடலுக்கடியில் பவளத் திட்டுகள் பரந்து கிடக்கின்றன. உலக வரைபடங்களில் அவற்றின் பெயர் லுக்கோனியா. மலேசியாவில் பெத்திங் பத்திங்கி அலி. நாட்டின் 200 கடல்மைல் பொருளாதார மண்டலத்துக்குள் அவை அடங்கிவிடுகின்றன. சீனாவின் தென்கோடி மாநிலமான ஹைனானிலிருந்து அளந்தால் ஆயிரம் கிலோமீட்டருக்கும் அப்பால். ஆனாலும் 2013 முதல் சீனக் கடலோரக் காவல்படையின் கப்பல் ஒன்று ஏறக்குறைய ஆண்டு முழுவதும் அங்கே நிற்கிறது. ஒன்று கிளம்பினால் அடுத்தது வந்து இடத்தைப் பிடித்துக்கொள்கிறது.

அது யாரையும் சுடுவதில்லை. பெட்ரோனாஸின் எரிவாயு மேடைகளை முடக்கிவிடவும் இல்லை. நிற்கிறது, சுற்றி வருகிறது, விநியோகக் கப்பல்களை நெருங்கிப் பார்க்கிறது. நம் வீட்டு வாசலில் தினமும் லோரியை நிறுத்திவிட்டுப் போகும் பக்கத்து வீட்டுக்காரரிடம் முதல் மாதம் சண்டை போடுவோம். பத்தாவது ஆண்டில் அந்த இடம் அவருடையது என்றே தெருக்காரர்கள் நினைத்துவிடுவார்கள். தென்சீனக் கடலில் பெய்ஜிங் கையாளும் பாதுகாப்பு உத்தியின் உயிர்நாடி இதுதான். போர் தொடுத்தால் உலகம் திரும்பிப் பார்க்கும். நின்றுகொண்டே இருந்தால் பழகிவிடும்.

இந்த உத்திக்கு ஒரு வரைபடமும் உண்டு. மலேசியாவும் வியட்நாமும் தங்கள் கண்டத்திட்டின் எல்லை குறித்து 2009 மே மாதம் ஐ.நா.விடம் கூட்டாக மனு அளித்தன. மறுநாளே சீனா எதிர்ப்புக் கடிதத்துடன் ஒன்பது கோடுகள் போட்ட வரைபடம் ஒன்றை இணைத்து அனுப்பியது. பிலிப்பீன்ஸ் தொடுத்த வழக்கில், அந்தக் கோடுகளுக்குள் வரலாற்று உரிமை கோர சட்டத்தில் இடமில்லை என்று ஹேக் நடுவர் மன்றம் 2016 ஜூலை 12 அன்று தீர்ப்பளித்தது. சீனா ஏற்கவில்லை. 2023 ஆகஸ்டில் வெளியிட்ட புதிய வரைபடத்தில் பத்துக் கோடுகள் இருந்தன. மலேசியா அதை நிராகரித்து அறிக்கை விட்டது. சரவாக்கிலிருந்து 80 கிலோமீட்டர் தொலைவில், நீர்மட்டத்துக்குக் கீழே 22 மீட்டர் ஆழத்தில் இருக்கும் செருப்பாய் திட்டுதான் தங்கள் நாட்டின் தென்கோடி என்று சீனப் பள்ளிப் பிள்ளைகள் படிக்கிறார்கள். அலை வடிந்தாலும் வெளியே தெரியாத ஓர் இடத்தை ஒரு தலைமுறையின் மனத்தில் தாய்மண்ணாகப் பதித்துவிட்டால், பிறகு எந்த பெய்ஜிங் தலைவரால் அதை விட்டுக்கொடுக்க முடியும்?

இதையெல்லாம் கிள்ளானில் இருப்பவர் ஏன் கவனிக்க வேண்டும்? சரவாக் கடல் நமக்குத் தொலைவு என்ற எண்ணம் தீபகற்பத்தில் பலருக்கும் உண்டு. ஆனால் அந்தக் கடலைக் கடந்து வரும் சரக்கு கிள்ளான் துறைமுகத்தில்தான் வந்து இறங்குகிறது. 2009 முதல் சீனாதான் மலேசியாவின் மிகப்பெரிய வணிகப் பங்காளி. 2024இல் இருநாட்டு வணிகம் 48,000 கோடி ரிங்கிட்டைத் தாண்டியது. அதே ஆண்டு கிள்ளான் துறைமுகம் கையாண்ட சரக்கு, இருபதடிக் கொள்கலன் கணக்கில் 1 கோடியே 40 லட்சத்துக்கும் மேல். மறைந்த தான்ஸ்ரீ ஞானலிங்கம் வளர்த்தெடுத்த வெஸ்ட்போர்ட்ஸ் முனையமும் அதில் அடக்கம். கிரேன் இயக்குபவர், கொள்கலன் லோரி ஓட்டுநர், சரக்கு முகவர் அலுவலகத்து எழுத்தர் என்று இந்தத் துறைமுகத்தை நம்பி வாழும் தமிழ்க் குடும்பங்கள் ஏராளம். கோத்தா பாருவில் தொடங்கும் கிழக்குக்கரை ரயில்பாதையும் கோம்பாக் வழியாக இங்கேதான் வந்து சேரப்போகிறது. அதைக் கட்டுவது சீன நிறுவனம். செலவில் பெரும்பகுதி சீன வங்கிக் கடன்.

அந்த ரயில்பாதையின் கதையை இன்னும் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். 6,550 கோடி ரிங்கிட் என்று மதிப்பிடப்பட்ட திட்டத்தைத் துன் மகாதீர் 2018இல் நிறுத்தி வைத்தார். அந்த ஆகஸ்டில் பெய்ஜிங்கிலேயே, சீனப் பிரதமர் அருகில் நிற்க, புதிய வகைக் காலனியம் வேண்டாம் என்று பேசினார். 2019 ஏப்ரலில் பாதையை மாற்றி, செலவை 4,400 கோடிக்குக் குறைத்து மறு ஒப்பந்தம் போடப்பட்டது. பின்வந்த அரசு பாதையை மீண்டும் மாற்றியதில் செலவு 5,000 கோடியை எட்டியது உண்மைதான். ஆனாலும் பெரிய நாட்டிடம் சின்ன நாடு பேரம் பேச முடியும், பேசினாலும் உறவு முறிந்துவிடாது என்பதற்கு இதைவிட நல்ல சான்று இந்த வட்டாரத்தில் இல்லை. தரையில் காட்டிய அந்தத் துணிவு கடலில் ஏன் தெரிவதில்லை?

ஒரே கை இரண்டு வேலையும் செய்கிறது. உறவின் 40ஆம் ஆண்டை ஒட்டி 2014இல் சீனா அனுப்பிய இரண்டு பாண்டாக்களைப் பார்க்க நெகாரா விலங்ககத்தில் கிள்ளான் பள்ளத்தாக்குப் பிள்ளைகள் வரிசையில் நின்றார்கள். அதே ஆண்டு ஜனவரியில் சீனப் போர்க்கப்பல்கள் செருப்பாய் திட்டுப் பகுதிக்கு வந்து போயின. துன் அப்துல் ரசாக் பெய்ஜிங் சென்று தூதரக உறவை ஏற்படுத்தியது 1974 மே 31. ஆசியான் நாடுகளில் மலேசியாவே முதலில் அதைச் செய்தது. சரியாக 47 ஆண்டுகள் கழித்து, 2021 மே 31 அன்று, 16 சீன ராணுவ விமானங்கள் அணிவகுத்து சரவாக் கரையை நோக்கி வந்தன. லாபுவானிலிருந்து மலேசிய ஹாக் விமானங்கள் பாய்ந்து சென்று அடையாளம் பார்க்க வேண்டியிருந்தது.

பெரிய நாடு என்றால் சீனா மட்டும்தான் என்று தமிழர்கள் எண்ணிவிடக் கூடாது. பிரிக்பீல்ட்ஸில் இந்தியா அன்பளிப்பாகக் கட்டிய தோரண வாயிலை 2015 நவம்பரில் மோடியும் நஜீப்பும் திறந்து வைத்தார்கள். நட்பின் அடையாளம் என்பதில் ஐயமில்லை. ஆனால் அதே இந்தியா 1987 ஜூனில் யாழ்ப்பாணத்தின் மீது விமானங்களை அனுப்பி உணவுப் பொட்டலம் போட்டது. அடுத்த மாதமே ராஜீவ் காந்தியும் இலங்கை அதிபர் ஜெயவர்தனாவும் ஒப்பந்தம் செய்தார்கள். தமிழர் உரிமை பற்றிய ஒப்பந்தம் என்றே அது பேசப்பட்டது. அதனோடு இணைந்த கடிதங்களில், இந்திய நலனுக்குக் கேடாகத் திருகோணமலை உள்ளிட்ட துறைமுகங்களை எந்த நாட்டின் ராணுவப் பயன்பாட்டுக்கும் தரக் கூடாது என்ற நிபந்தனை இருந்தது. ஈழத்தமிழரின் கண்ணீரும் ஒரு வல்லரசின் துறைமுகக் கணக்கும் ஒரே உறைக்குள் வைக்கப்பட்டன. அதற்கு விலை கொடுத்தவர்கள் யாழ்ப்பாணத்து மக்களும், ஒப்பந்தத்தின் பேரில் அங்கே அனுப்பப்பட்டுத் திரும்பி வராத ஆயிரத்துக்கும் மேற்பட்ட இந்தியச் சிப்பாய்களும். முப்பது ஆண்டு கழித்து, 2017இல், அதே இலங்கை அம்பாந்தோட்டைத் துறைமுகத்தை 99 ஆண்டுக்குச் சீன நிறுவனத்திடம் குத்தகைக்குக் கொடுத்தது. வல்லரசுகள் மாறின. பக்கத்து நாட்டின் துறைமுகத்தைத் தங்கள் பாதுகாப்பு வேலியாகப் பார்க்கும் பார்வை மாறவில்லை.

மலேசியாவின் பதில் பெரும்பாலும் மௌனமான பதில். 2020இல் பெட்ரோனாஸுக்காக எண்ணெய்த் துளையிட்டுக்கொண்டிருந்த வெஸ்ட் காப்பெல்லா கப்பலை ஒட்டி, காவல் கப்பல்கள் சூழ சீன ஆய்வுக் கப்பல் வந்தது. அமெரிக்க, ஆஸ்திரேலியப் போர்க்கப்பல்களும் வந்து சேர்ந்தன. போர்க்கப்பல்கள் கூடினால் தவறான கணிப்புக்கு இடமாகும் என்று அன்றைய வெளியுறவு அமைச்சர் ஹிஷாமுடின் எச்சரித்ததோடு சரி. இந்த அமைதியைக் கோழைத்தனம் என்று சொல்பவர்களோடு உடன்பட முடியாது. சத்தம் போடும் வழியை எடுத்த பிலிப்பீன்ஸின் மாலுமிகள் தண்ணீர்ப் பீரங்கிக்கு முன் நிற்கிறார்கள். 2024 ஜூனில் நடந்த மோதலில் ஒருவர் கட்டைவிரலை இழந்தார். மலேசியாவின் எரிவாயுவோ இன்றுவரை தடைபடாமல் வருகிறது.

ஆனால் பெய்ஜிங்கிடம் அமைதியாகப் பேசுவது வேறு, சொந்த மக்களிடம் வாய்மூடி இருப்பது வேறு. 2016 முதல் 2019 வரை சீனக் காவல்படைக் கப்பல்களும் கடற்படைக் கப்பல்களும் 89 முறை மலேசியக் கடலுக்குள் நுழைந்தன என்பது தலைமைக் கணக்காய்வாளர் அறிக்கை வழியாகத்தான் 2020இல் வெளியே வந்தது. எந்த அமைச்சரும் முன்வந்து சொன்ன தகவல் அல்ல அது. சரவாக் கடலில் எண்ணெய், எரிவாயுத் தேடலை நிறுத்துமாறு சீனா எழுதிய கடிதத்தை 2024இல் மலேசியர்கள் ஒரு மணிலா நாளிதழைப் பார்த்துத் தெரிந்துகொண்டார்கள். கடிதம் கசிந்தது எப்படி என்று விசாரணை நடத்தப்போவதாக வெளியுறவு அமைச்சு உடனே அறிவித்தது. தேடல் நிற்காது என்று பிரதமர் அன்வார் உறுதியாகச் சொன்னது நல்ல செய்தி. அதை அவர் ரஷ்யாவின் விளாடிவொஸ்தோக் நகரில், செய்தியாளர் கேட்டபோது சொல்ல வேண்டி வந்ததுதான் வருத்தம்.

மறைப்பின் கேடு கடற்படைக்குள்ளும் இறங்கியிருக்கிறது. 900 கோடி ரிங்கிட்டில் ஆறு போர்க்கப்பல்கள் கட்டும் திட்டத்தில் 600 கோடிக்கு மேல் செலுத்தியும் ஒரு கப்பல்கூட முடியவில்லை என்று நாடாளுமன்றப் பொதுக் கணக்குக் குழு 2022 ஆகஸ்டில் அறிவித்தது. இதற்கிடையில் கடற்படைக்குச் சேர்ந்த கெரிஸ் வகை ரோந்துக் கப்பல்கள் நான்கும் சீனாவில் கட்டப்பட்டவை. எந்த நாட்டின் கப்பல்களைக் கண்காணிக்க வேண்டுமோ அந்த நாட்டிடமே ரோந்துக் கப்பல் வாங்கும் நிலைக்கு ஒரு நாடு வருவது, தன் கணக்கைத் தன் மக்களிடம் காட்டாததன் விளைவு.

2010இல் ஹனோய் கூட்டத்தில், சீனா பெரிய நாடு, மற்றவை சிறிய நாடுகள், அதுதான் உண்மை என்று அன்றைய சீன வெளியுறவு அமைச்சர் யாங் ஜியேச்சி வெளிப்படையாகவே சொன்னார். அதனால்தான் ஒவ்வொரு நாட்டோடும் தனித்தனியாகப் பேசவே பெய்ஜிங் விரும்புகிறது. அண்டை நாடுகளும் அதற்கு வசதி செய்து தருகின்றன. 2002இல் நொம்பென்னில் ஆசியானும் சீனாவும் கையெழுத்திட்ட தென்சீனக் கடல் நடத்தைப் பிரகடனம் கட்டுப்படுத்தும் விதித்தொகுப்பாக மாறாமல் இருபது ஆண்டுக்கு மேல் இழுபட்டது. 2024 நவம்பரில் பிலிப்பீன்ஸ் தன் கடல் எல்லைச் சட்டத்தை நிறைவேற்றியபோது, சபா விவகாரத்தை முன்வைத்து மணிலாவுக்கு எதிர்ப்புக் கடிதம் எழுதியது மலேசியா. சபாவை விட்டுக்கொடுக்க முடியாது என்பது சரி. ஆனால் வியட்நாமோடும் பிலிப்பீன்ஸோடும் உள்ள எல்லைப் பிணக்குகளைத் தீர்க்கும் பேச்சை இனியும் தள்ளிப்போட முடியாது.

அதைவிடச் சுலபமாக நாளையே செய்யக் கூடியது ஒன்று உண்டு. அந்நியக் கப்பல்கள் ஆண்டில் எத்தனை நாள் நம் மண்டலத்துக்குள் நின்றன, எத்தனை முறை கடற்படை எதிர்கொண்டது, எத்தனை எதிர்ப்புக் கடிதங்கள் அனுப்பப்பட்டன என்று வெளியுறவு அமைச்சும் தற்காப்பு அமைச்சும் சேர்ந்து ஆண்டுதோறும் மக்களவையில் அறிக்கை வைக்கலாம். அதில் ராணுவ ரகசியம் எதுவுமில்லை. வந்து நிற்பவர்களுக்கே தெரிந்த கணக்குதான். அந்த அறிக்கையைக் கேட்டு வாங்கும் பொறுப்பு கிள்ளான் தொகுதி உறுப்பினருக்கும் பாங்கி உறுப்பினருக்கும் உண்டு, மிரி உறுப்பினருக்கு இருப்பதைப் போலவே.