சீரியல் நம்பர் கேட்டால் ஏன் கோபம்?

செஸ்னா 172க்கு உதிரி கேட்டு வருகிறவர்களிடம் சீரியல் நம்பர் கேட்டால் முகம் சுருங்கிவிடுகிறது. “172என் சார், அது போதாதா?” போதாது. எத்தனை பேரிடம், எத்தனை முறைதான் சொல்வது!

1977 மாடல் 172என் விமானத்தில் மின்சாரம் 14 வோல்ட். 1978 மாடலிலிருந்து 28 வோல்ட். பெயர் அதேதான், ஆனால் ஆல்டர்னேட்டர், பேட்டரி, பல்பு எல்லாம் வேறு. வருடத்தைச் சொன்னாலும் தீராது. அடுத்த வருட மாடல் முந்தைய வருடத்தின் கடைசி மாதங்களிலேயே ஆலையை விட்டு வந்துவிடும். அதனால்தான் பார்ட்ஸ் கேட்டலாக் சீரியல் நம்பரைப் பிடித்துக்கொண்டு தொங்குகிறது. பாகத்தின் வரிசைக்கு எதிரே ஒரு சின்ன எழுத்து இருக்கும். எந்த நம்பரிலிருந்து எந்த நம்பர் வரை இது பொருந்தும் என்பதை அந்த எழுத்துதான் காட்டும். யாரும் அந்தப் பக்கம் கண்ணைத் திருப்புவதில்லை. படம் ஒத்துப்போனால் போதும், ஆர்டர் போய்விடுகிறது. தவறான பாகம் வந்து சேரும்வரை விமானம் ஹேங்கரிலேயே நிற்கிறது, வந்த பிறகும் நிற்கிறது.

போல்ட்டில் இன்னும் மோசம். ஏஎன்3-5 என்றால் தண்டில் ஸ்பிளிட் பின்னுக்குத் துளை உண்டு. கடைசியில் ‘ஏ’ சேர்ந்து ஏஎன்3-5ஏ ஆகிவிட்டால் துளை கிடையாது. கண்ட்ரோல் கேபிள், புல்லி, ராடு என்று அசைந்து சுழலும் இடத்தில் வெறும் லாக் நட்டை நம்ப முடியாது. பின் போட்டுத்தான் ஆக வேண்டும். ஓர் எழுத்தை அலட்சியமாக விட்டால் அங்கே பின் போட வழியே இல்லாத போல்ட் வந்து உட்காரும். வானத்தில் நட் கழன்றால் யார் பொறுப்பு?

என்னை அதிகம் வதைப்பது வேறொன்று. கேட்டலாக் படத்தைப் பார்த்தே பாகத்தை மாட்டி முடித்துவிடுகிறார்கள். அந்தப் படம் பாகத்தை அடையாளம் காட்டத்தான். எவ்வளவு டார்க்கில் முறுக்குவது, எவ்வளவு இடைவெளி விடுவது, எதை முதலில் மாட்டுவது எல்லாம் மெயின்டனன்ஸ் மேனுவலில் இருக்கிறது. அந்தப் புத்தகமும் அதே அலமாரியில்தான் இருக்கிறது, எடுப்பாரில்லை. வெளிவந்த திருத்தப் பக்கங்களைச் சேர்க்காமல், எண்கள் மாறிப்போன பழைய கேட்டலாக்கையே புரட்டிக்கொண்டிருக்கும் ஹேங்கர்களும் உண்டு.

ஆர்டர் போடும் முன் விமானத்தில் பொறித்திருக்கும் சீரியல் நம்பரை நேரில் பார்த்து எழுதிக்கொண்டு வாருங்கள், தயவுசெய்து.