உயிருள்ள நகரத்தில் சித்தாளுக்கு இடம் உண்டா?

(இரண்டாம் ஆண்டு சிவில் மாணவி)



ஒரு நகரம். அதற்கு உயிர் இருக்கிறது. சுவர் மூச்சு விடும். விரிசல் விட்டால் நம் தோலில் காயம் ஆறுவது போலத் தானே ஆறிக்கொள்ளும். அங்கே மனிதர்கள் நகரத்தில் குடியிருப்பவர்கள் அல்ல, நகரத்தோடு கலந்தே போனவர்கள். தெருவுக்கு வலித்தால் அவர்களுக்கும் வலிக்கும்! இப்படி ஒரு கற்பனை நாகரிகத்தைப் பற்றி எங்கள் வகுப்பு செமினாரில் நண்பர் ஒருவர் பேசினார். கைதட்டல் அடங்கவே ரொம்ப நேரம் ஆச்சு. நானும்தான் தட்டினேன். ஆனால் ராத்திரி தூக்கம் வரவில்லை. சிவில் படிக்கிறவளுக்கு எந்தக் கட்டடத்தைப் பற்றிச் சொன்னாலும் முதலில் வருகிற சந்தேகம், 'இதை யார் பராமரிக்கிறது?' என்பதுதானே!

இது கதை எழுதுகிறவர்களின் கனவு மட்டும் என்று நினைத்துவிடாதீர்கள். 1960-ல் டோக்கியோவில் உலக வடிவமைப்பு மாநாடு நடந்தபோது, ஜப்பானிய இளம் கட்டடக் கலைஞர்கள் சிலர் 'மெட்டபாலிசம்' என்று ஓர் இயக்கமே தொடங்கினார்கள். உடம்பில் பழைய செல் செத்துப் புதுசு பிறக்கிற மாதிரி, நகரமும் தன் உறுப்புகளை மாற்றி மாற்றி வாழ வேண்டும் என்பது அவர்கள் கொள்கை. கடலில் மிதக்கும் நகரங்களை எல்லாம் வரைந்தார்கள். முக்கால்வாசி தாளோடு நின்றுபோனது.

கட்டியே காட்டியவர் கிஷோ குரோகாவா. 1972-ல் டோக்கியோவின் கின்சா பகுதியில் அவர் எழுப்பிய நாககின் கேப்ஸ்யூல் கோபுரத்தில் 140 அறைகள். ஒவ்வொன்றும் சுமார் 10 சதுர மீட்டர்தான். வட்டமாக ஒரு ஜன்னல், ஒரு கட்டில், ஒரு குளியலறை. நடுவில் நிற்கும் தண்டில் நான்கே நான்கு போல்ட் போட்டு ஒவ்வோர் அறையையும் மாட்டியிருந்தார்கள்! 25 வருஷத்துக்கு ஒரு தடவை பழைய அறையைக் கழற்றிவிட்டுப் புதுசை மாட்டலாம் என்பது திட்டம்.

ஐம்பது வருஷத்தில் எத்தனை அறைகளை மாற்றினார்கள் தெரியுமா? ஒன்றைக்கூட இல்லை! ஓர் அறையைக் கழற்ற வேண்டுமானால் அதற்கு மேலே இருப்பதை எல்லாம் முதலில் இறக்க வேண்டும். அறைகளுக்குச் சொந்தக்காரர்களோ பலர். செலவுக்கு எல்லோரும் ஒத்துவர வேண்டுமே! மழைத்தண்ணீர் ஒழுகியது, குழாய்கள் கெட்டன. 2022-ல் இடித்தே விட்டார்கள். என்னைக் கேட்டால் போல்ட் மேல் தப்பில்லை. உடம்பில் செல் தானாக மாறும். ஊரில் மாற வேண்டுமானால் யாரோ ஓர் ஆள் ஏணி போட்டு ஏறித்தான் ஆகணும். அந்த ஆளை அவர்கள் படத்தில் வரையவில்லை.

நம் நாட்டிலேயே மேகாலயாவில் காசி இன மக்கள் மரத்தின் வேரிலேயே பாலம் வளர்க்கிறார்கள். ஆல் இனத்தைச் சேர்ந்த ரப்பர் மரம் அது. பாக்கு மரத்தைப் பிளந்து, குடைந்து, ஓடையின் குறுக்கே வைத்து, அதன் வழியாக வேரை அக்கரைக்கு நடத்திக் கூட்டிப் போகிறார்கள். அக்கரையில் மண்ணைப் பிடித்ததும் வேர் தடிக்க ஆரம்பிக்கும். ஆள் நடக்கிற அளவுக்கு உறுதிப்படப் பத்துப் பதினைந்து வருஷத்துக்கு மேலேயே ஆகும். நோங்ரியாட் கிராமத்தில் இரண்டு அடுக்குப் பாலமே இருக்கிறது! நம் கான்கிரீட் வயசாக ஆகத் தளரும். இது வயசாக ஆக பலமாகிறது. ஆனால் சும்மா இல்லை. புது வேரை இழுத்துப் பின்ன மனுஷக் கை வேணும். நட்டவர் போன பிறகு பிள்ளை பின்னுவார், அப்புறம் பேரன். மனுஷனும் கட்டுமானமும் கலந்த நாகரிகம் என்றால் எனக்கு இதுதான் ஞாபகத்துக்கு வருகிறது.

இதில் எனக்கு ஏன் இத்தனை ஆத்திரம் என்று கேட்பீர்கள். எங்கப்பா கொத்தனார், எங்கம்மா சித்தாள். எங்கள் குடும்பத்தில் படிக்க வந்த முதல் ஆள் நான்தான். சின்ன வயசில் நான் வளர்ந்ததெல்லாம் சைட்டில், தகரக் கொட்டகையில். கட்டடம் முடிந்தால் கொட்டகையைப் பிரிப்பார்கள். அப்புறம் அடுத்த ஊர். ஒரு தடவை, வேலை முடிந்து கிரகப்பிரவேசமும் ஆன ஓர் அடுக்குமாடிக்கு, அம்மா மறந்து விட்டு வந்த பாண்டு சட்டியை எடுக்கப் போனோம். கேட்டிலேயே நிறுத்திவிட்டார்கள். "யாரைப் பார்க்கணும்?" என்றார் வாட்ச்மேன். அம்மாவுக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. மூணாவது மாடி வரைக்கும் தலையில் மணல் சுமந்தவள் அவள்! சட்டி கடைசி வரை கிடைக்கவே இல்லை. அந்தக் கட்டடத்துக்கு உயிர் இருந்திருந்தால் எங்கம்மாவை அடையாளம் தெரிந்திருக்காதா?

கட்டடத் தொழிலாளர்களுக்கென்று 1996-ல் ஒரு சட்டம் போட்டார்கள். தங்க இடம், குடிதண்ணீர், கக்கூஸ், ஐம்பது பெண்களுக்கு மேல் வேலை செய்தால் குழந்தைகளுக்குக் காப்பகம் என்று எல்லாம் எழுதியிருந்தார்கள். நான் வளர்ந்த எந்தச் சைட்டிலும் காப்பகத்தைக் கண்ணால் பார்த்ததில்லை. எப்போதும் நாற்பத்தொன்பது பேர்தான் இருந்தார்களோ என்னவோ!

செமினார் பேசிய நண்பரிடம் இதையெல்லாம் சொன்னேன். "அந்த ஊரில் சுவர் தானே வளரும், சித்தாளே தேவையில்லையே" என்றார். அப்படியானால் எங்கம்மா அந்த நகரத்தில் எந்த உறுப்பு? அவர் சிரித்தார். நான் சிரிக்கவில்லை. ஓர் இடத்தில் அடிபட்டால் மொத்தத்துக்கும் வலிக்க வேண்டும், அதுக்குப் பேர்தான் உடம்பு. யாருக்கு வலித்தாலும் தெரியாத ஊருக்கு எத்தனை மாடி வளர்ந்தால் என்ன?

அடுத்த வருஷம் எங்கள் ப்ராஜெக்ட்டுக்கு ஒரு குடியிருப்பு வரையப் போகிறோம். சைட் ப்ளானில் முதல் கோடு வேலையாட்கள் தங்குமிடத்துக்கு, அப்புறம் கக்கூஸ், தூளி கட்ட ஒரு நிழல், அதற்குப் பிறகுதான் மற்றது என்று சொல்லியிருக்கிறேன். மார்க் குறையும் என்கிறார்கள். குறையட்டுமே! குழுவில் மொத்தம் நாலு பேர். என்னையும் சேர்த்து இதுவரை ரெண்டு பேர் சம்மதம்.