சாம்பிள் கிட்டார்னா அவ்ளோ இளப்பமா?

"கம்பி அழுத்தி விரல் காய்ச்சுப் போகாதவன் எல்லாம் கிட்டார் பாட்டு போடுறான்." வீட்டுல கம்ப்யூட்டர் வச்சு இசை பண்றவங்க அடிக்கடி வாங்கிக் கட்டிக்கற வசனம் இது. கேட்டுக் கேட்டு அலுத்துப் போச்சு மக்களே, அதான் இந்தப் பதிவு.

சாம்பிள்ங்கறது கம்ப்யூட்டர் தானா உருவாக்கின சத்தம் இல்லை. ஒரு நிஜ வாசிப்பாளர் மைக் முன்னாடி உக்காந்து, ஒவ்வொரு ஃப்ரெட்டா, மெதுவா ஒரு தடவை, அழுத்தி ஒரு தடவைன்னு வாசிச்ச ஒலிப்பதிவு. இதைப் போலின்னு சொல்ற அதே ஆளுங்க, பீட்டில்ஸோட 'ஸ்ட்ராபெரி ஃபீல்ட்ஸ் ஃபாரெவர்' பாட்டைக் கண்ணை மூடி ரசிப்பாங்க. அதோட ஆரம்பத்துல வர்ற புல்லாங்குழல், மெலோட்ரான்ங்கற கீபோர்டு சாமி! ஒவ்வொரு கட்டைக்கும் பதிவு பண்ணின ஒரு டேப் ஓடும். 1967-ல அது கலைன்னா, இன்னிக்கு நான் பண்றது மட்டும் ஏமாத்து வேலையா?

ஆபீஸ் முடிஞ்சு வந்து ராத்திரி பதினோரு மணிக்கு, பக்கத்து ரூம்ல ஆள் தூங்கும்போது, தலைக்கு மேல ஃபேன் ஓடும்போது, மைக் வச்சு கிட்டார் பதிவு பண்ணிப் பாருங்க, தெரியும். சாம்பிளும் கூடாதுன்னா, ஸ்டூடியோவுக்குக் காசு இருக்கறவன் மட்டும்தான் பாட்டு போடணும்னு அர்த்தம். அதை என்னால ஒத்துக்க முடியாது.

சரி, இப்ப நம்மாளுங்களுக்கும் ஒரு குட்டு. கீபோர்டுல ஜி மேஜர்னா மூணு கட்டை. கிட்டார்ல திறந்த நிலைல அதைப் பிடிச்சா ஆறு கம்பியும் பேசும்: ஜி, பி, டி, ஜி, பி, ஜி. ரெண்டு ஆக்டேவ் அகலம். மூணு கட்டையை ஒரே நேரத்துல பொத்துன்னு அமுக்கிட்டு "கிட்டார் மாதிரியே இல்லையே"ன்னு சாஃப்ட்வேரைத் திட்டினா எப்படி? மேலேர்ந்து கீழ அடிச்சா தடிச்ச கம்பி முதல்ல ஒலிக்கும். கீழேர்ந்து மேல வந்தா மெல்லிய கம்பி முதல்ல. நடுவுல சில மில்லிசெகண்டு இடைவெளி. ஒரு கம்பியில ஒரு நேரத்துல ஒரு ஸ்வரம்தான். எல்லா அடியையும் ஒரே அழுத்தத்துல வச்சா, ஒரே பதிவு திரும்பத் திரும்ப ஓடி மெஷின் கன் மாதிரி தடதடக்கும். இதெல்லாம் ஒரு மாசம் கிட்டாரைக் கவனிச்சுக் கேட்டாலே பிடிபடும் சமாச்சாரம்.

அந்த மெனக்கெடல் இல்லாத பாட்டைத் தாராளமா கிழிங்க, நானும் சேந்து கிழிக்கறேன். ஆனா பாட்டைக் கேட்டுட்டுக் கிழிங்க. என்ன கருவின்னு விசாரிச்சுட்டு இல்ல.

டிஸ்கி: வாசிக்க ஆளும், அவருக்குக் கொடுக்கக் காசும் இருந்தா கண்டிப்பா அவரையே கூப்பிடுங்க. ஒரு கம்பியை வளைச்சுக்கிட்டே இன்னொண்ணை அசையாம வைக்கறதை என் கீபோர்டோட பிட்ச் வீல்ல இன்னும் கொண்டுவர முடியலை. சாம்பிள்னா சாம்பிள்னே பாட்டுக்குக் கீழ எழுதிடுங்க. அதுல வெக்கப்பட ஒண்ணுமில்ல.