"கேட்டார்" என்ற ஒரு சொல்

சென்ற மாதம் ஒரு நாள் அஸர் தொழுகை முடித்துச் சாந்தோம் கடற்கரைப் பக்கம் நடந்துகொண்டிருந்தேன். எங்கள் தெருவில் மளிகைக் கடை வைத்திருக்கும் நண்பர் பின்னாலேயே வந்து சேர்ந்துகொண்டார். சட்டைப் பையிலிருந்து ஒரு காகிதத்தை எடுத்து நீட்டினார். நீதிமன்ற அழைப்பாணை.

"ஹஜ்ரத், வரும் மாதம் நான் சாட்சி சொல்ல வேண்டும். வீட்டில் வேண்டாம் என்கிறார்கள். தாங்கள் என்ன சொல்கிறீர்கள்?" என்றார்.

கதை ஆறு ஆண்டுகளுக்கு முந்தையது. அவருடைய அத்தா மவுத்தானபின் வாரிசுச் சான்றிதழுக்காக ஓர் அரசு அலுவலகத்துக்கு நடையாய் நடந்தார். அங்கிருந்த எழுத்தர் நாலாயிரம் ரூபாய் கேட்டார். நண்பர் லஞ்ச ஒழிப்புத் துறையில் புகார் கொடுத்தார். ரசாயனம் தடவிய நோட்டுகளோடு போனார், எழுத்தர் பிடிபட்டார். மறுநாள் செய்தித்தாளில் நான்கு வரி வந்தது. அத்தோடு காரியம் முடிந்தது என்றே நண்பர் நினைத்திருந்தார்.

இப்போது எழுத்தரின் அண்ணன், ஊர்ப் பெரியவர் இருவரை அழைத்துக்கொண்டு வீடு தேடி வந்திருக்கிறார். மூன்று பெண் குழந்தைகள், வேலையும் போய் ஓய்வூதியமும் போய்விடும் என்று அழுதிருக்கிறார். "பெரிய பொய் எதுவும் வேண்டாம் பாய். 'அவர் கேட்கவில்லை, நானாகத்தான் மேசைமேல் வைத்தேன்' என்று மட்டும் சொல்லுங்கள், போதும்."

அந்த ஒரு வாக்கியத்தைக் கேட்டதும், இவர்கள் நல்ல வக்கீலைப் பார்த்துவிட்டுத்தான் வந்திருக்கிறார்கள் என்று புரிந்துகொண்டேன்.

பணம் கையில் சிக்கிவிட்டால் குற்றம் உறுதி என்றே நம்மில் பலரும் எண்ணுகிறோம். நோட்டுகளில் பினாப்தலின் பொடி தடவுவார்கள். வாங்கியவரின் விரல்களைச் சோடியம் கார்பனேட் கரைசலில் கழுவினால் நீர் இளஞ்சிவப்பாகும். வேறு துறைகளிலிருந்து அழைத்து வந்த அரசு ஊழியர்கள் சாட்சியாக நிற்பார்கள். மகஜர் எழுதப்படும். ஆனால் அந்தச் சிவப்பு நீர், அவர் நோட்டைத் தொட்டார் என்பதற்கு மட்டுமே சான்று. கேட்டு வாங்கினாரா என்பதை நீர் சொல்லாது. மனிதர்தான் சொல்ல வேண்டும்.

இதில் உச்சநீதிமன்றமே நெடுங்காலம் இருவேறு திசைகளில் சென்றது. ஆந்திரத்தில் பால் குளிரூட்டும் நிலைய மேலாளர் ஒருவர், பால் ஏற்றிச் செல்லும் ஒப்பந்ததாரரிடம் 500 ரூபாய் வாங்கியதாக வழக்கு. புகார் தந்தவரும் பிறழ்ந்தார், உடன் சென்ற சாட்சியும் பிறழ்ந்தார். தம் பையில் பணத்தை வலிந்து திணித்தார்கள் என்றார் மேலாளர். ஆயினும் 2000-ஆம் ஆண்டில் தண்டனை உறுதியாயிற்று. அதே ஆந்திரத்தில் ஓங்கோல் வட்டார வருவாய் அலுவலர்மீது, ரேஷன் கடைக்காரரிடம் 250 ரூபாய் கேட்டதாக வழக்கு. கடைக்காரர் நீதிமன்றத்தில், அவர் கேட்கவே இல்லை என்று கூறிவிட்டார். நீதியரசர் ப. சதாசிவம் தலைமையிலான அமர்வு 2014-இல் அலுவலரை விடுதலை செய்தது. 2015-இல் இன்னொரு வழக்கு. தட்டச்சுப் பள்ளிக்கு அங்கீகாரம் புதுப்பிக்க 500 ரூபாய் என்பது குற்றச்சாட்டு. விசாரணைக்கு முன்பே புகார்தாரர் இறந்துபோனார், கேட்டதை நிரூபிக்க ஆளில்லை, விடுதலை.

ஐந்நூறுக்கும் இருநூற்றைம்பதுக்கும் டெல்லி வரை வழக்கா என்று சிலர் சிரிக்கலாம். ரேஷன் கடைக்காரரிடம் கேட்டுப் பார்த்தால் அதன் கனம் தெரியும்.

இந்த முரண்பாட்டைத் தீர்க்கவே ஐவர் அமர்வு கூடியது. நீதியரசர் எஸ். அப்துல் நஸீர் தலைமை. தீர்ப்பை எழுதியவர் நீதியரசர் பி.வி. நாகரத்னா. 2022 டிசம்பர் 15-இல் வந்த அத்தீர்ப்பின்படி, கேட்டதும் வாங்கியதும் இரண்டும் நிரூபிக்கப்பட்டாக வேண்டும். புகார்தாரர் இறந்துபோனாலோ பிறழ்சாட்சியானாலோ, பிற சாட்சிகளையும் சூழ்நிலைச் சான்றுகளையும் கொண்டு அதை நிரூபிக்கலாம். ஆனால் எந்த வழக்கினால் இக்கேள்வி எழுந்ததோ, அந்த டெல்லி மின்மீட்டர் வழக்கிலேயே 2023 மார்ச்சில் குற்றம் சாட்டப்பட்டவர் விடுதலையானார். புகார்தாரர் மறைந்துவிட்டார், மீதிச் சான்றுகளால் 'கேட்டார்' என்பது தேறவில்லை. வாசல் திறந்துதான் இருக்கிறது, நுழைவது எளிதன்று.

கேட்டதும் வாங்கியதும் தேறிவிட்டால், 1988-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 20-ஆம் பிரிவின்படி அது லஞ்சமே என்று நீதிமன்றம் அனுமானிக்கும். இல்லையென்று காட்டும் பொறுப்பு ஊழியருடையது. இது நமக்குப் புதிதன்று. ஸகாத் வசூலித்து வந்த இப்னுல் லுத்பிய்யா, இது உங்களுக்கு, இது எனக்கு வந்த அன்பளிப்பு என்று பிரித்து வைத்தபோது, தாய் தந்தையர் வீட்டில் உட்கார்ந்திருந்தால் அது இவரைத் தேடி வந்திருக்குமா என்று நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் வினவினார்கள் அல்லவா!

இல்லத்தரசிகளுக்கும் ஒரு செய்தி. 2018-இல் திருத்தப்பட்ட சட்டத்தில், கொடுப்பவரும் குற்றவாளியே. கட்டாயத்தினால் கொடுத்தவர் 7 நாட்களுக்குள் காவல்துறைக்கோ புலனாய்வு அமைப்புக்கோ தெரிவித்துவிட்டால் தப்புவார். முன்கூட்டியே தெரிவித்துவிட்டு, பிடிப்பதற்காகவே பணம் கொடுப்பவருக்கும் பாதுகாப்பு உண்டு. ஆகவே எந்தத் தேதியில், எந்த இடத்தில், யார் முன்னிலையில், என்ன சொற்களால் கேட்டார் என்பதை அன்றிரவே ஒரு தாளில் எழுதி வைப்பது நல்லது. ஆறு ஆண்டு கழித்துக் குறுக்கு விசாரணையில் வக்கீல் துருவுவது இவற்றைத்தான்.

நண்பருக்கு வருவோம். அந்த மூன்று பெண் குழந்தைகளை நினைத்தால் எனக்கும் நெஞ்சு கனக்கத்தான் செய்கிறது. அதை மறைப்பானேன்? ஆனால் இரக்கம் காட்ட நீதிபதி இருக்கிறார். தண்டனையின் அளவைக் குறைக்கச் சட்டம் அனுமதிக்கும் எல்லைவரை அவர் குறைக்கட்டும். சாட்சியின் வேலை இரங்குவதன்று, நடந்ததைச் சொல்வது. தவிர, சத்தியம் செய்துவிட்டுப் பொய் சொன்னால் இவர்மீதே வழக்கு வரலாம். இவ்வளவையும் சொன்னேன். அவர் கடலையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"கேட்டது உண்மைதானே?" என்றேன்.

"உண்மைதான் ஹஜ்ரத். அத்தாவின் இறப்புச் சான்றிதழை விரலால் தட்டிக்கொண்டே கேட்டார். அந்த விரல் இன்னும் கண்ணிலேயே நிற்கிறது."

"அதையே சொல்லுங்கள்" என்றேன்.

மஃரிபுக்கு நேரமாகிவிட்டது. நீதிமன்றத்துக்கு உடன் வர முடியுமா என்று கேட்டார். அன்று மதரஸாவுக்கு விடுப்புச் சொல்லியிருக்கிறேன்.