சேர்வராயன் மலைக்கு ஐரோப்பா எதற்கு?

“நம் வரலாற்றையே நாம் ஒழுங்காகப் படிக்கவில்லை, ஐரோப்பாக்காரன் கதை எதற்கு?” புத்தகக் கண்காட்சியில் நெப்போலியனையோ மறுமலர்ச்சி ஓவியத்தையோ பற்றிய நூலை எடுத்துப் பாருங்கள், பக்கத்தில் யாராவது இதைச் சொல்லிவிடுவார்கள். கொஞ்சம் விவரமானவர்கள் கொள்கைப் பூச்சும் பூசுவார்கள்: அதெல்லாம் அடிமைப் புத்தியாம். இங்கிலாந்து மன்னர்களின் பட்டியலை மனப்பாடம் செய்து பரீட்சை எழுதிய தலைமுறைக்குக் கோபம் இருக்கத்தான் செய்யும். கோபம் நியாயம். அதிலிருந்து எடுத்த முடிவுதான் தப்பு.

எப்படித் தப்பு என்பதைச் சேர்வராயன் மலைமேல் இருக்கும் ஏற்காட்டிலேயே பார்க்கலாம். இந்திய நிலவியல் ஆய்வுத் துறையில் 1858இல் சேர்ந்த ராபர்ட் புரூஸ் ஃபூட், ஓய்வுக்குப் பின் குடியிருந்த ஊர் அது. 1863 மே 30ஆம் தேதி பல்லாவரத்துச் சரளையில் அவர் எடுத்த கற்கோடரிதான், பழைய கற்கால மனிதன் இந்தியாவில் வாழ்ந்ததற்கு முதல் சான்று. அந்தச் சரளையை அதற்கு முன் எத்தனையோ பேர் மிதித்து நடந்திருப்பார்கள். ஃபூட் கண்ணுக்கு மட்டும் அது ஏன் கருவியாகத் தெரிந்தது? பிரான்சின் சோம் ஆற்றுப் படுகையில், அப்வில் ஊரின் சுங்க அதிகாரி புஷே த பெர்த், அழிந்துபோன விலங்குகளின் எலும்புகளோடு மனிதன் செதுக்கிய கற்களும் கிடைக்கின்றன என்று பல ஆண்டுகள் சொல்லி வந்தார். அறிஞர்கள் அவரை மதிக்கவில்லை. 1859இல் இங்கிலாந்திலிருந்து அறிஞர்கள் பிரெஸ்ட்விச்சும் ஜான் எவன்ஸும் நேரில் போய்ப் பார்த்து, அவர் சொன்னது சரி என்றார்கள். அந்தச் செய்தியை அறிந்துதான் ஃபூட் சென்னையைச் சுற்றித் தேடினார். தமிழகத் தொல்பழங்காலத்தின் முதல் பக்கத்தைப் புரிந்துகொள்ள அப்வில் சண்டை தெரிந்தாக வேண்டும்.

அதே 1863இல் ஃபூட்டும் அவருடைய சக நிலவியலாளர் வில்லியம் கிங்கும் கண்டெடுத்த அத்திரம்பாக்கம் கருவிகளுக்குச் சுமார் 15 லட்சம் ஆண்டு வயது என்று தொல்லியலாளர் சாந்தி பப்பு குழுவினர் 2011இல் நிறுவினார்கள். ஐரோப்பாவில் கிடைத்த இதே வகைக் கோடரிகளைவிட இவை பழையவை. நாம் மார்தட்டிக்கொள்ளும் செய்திதான். ஆனால் அங்கே கிடைத்ததன் வயது தெரியாதவன் எதை வைத்துத் தட்டுவான்?

ஃபூட்டின் மாமனார், மெதடிஸ்ட் மிஷனரியாக வந்த பீட்டர் பெர்சிவல். யாழ்ப்பாணத்தில் ஆறுமுக நாவலரின் துணையோடு விவிலியத்தைத் தமிழாக்கியவர், சென்னையில் ‘தினவர்த்தமானி’ நடத்தியவர், ஆறாயிரத்துக்கும் மேற்பட்ட தமிழ்ப் பழமொழிகளைத் திரட்டி 1874இல் நூலாக்கியவர். 1882இல் ஏற்காட்டில்தான் இறந்தார். இவரை எந்த வரலாற்றில் சேர்ப்பது, ஐரோப்பாவிலா, தமிழிலா? நாவலரை எழுதுகிறவர் பெர்சிவலை விட முடியாது. பெர்சிவலை எழுதுகிறவர் இங்கிலாந்தின் மெதடிஸ்ட் இயக்கத்தை விட முடியாது.

அடிமைப் புத்தி என்ற பழிக்கு வருவோம். ஷெல்லிதாசன் என்று புனைபெயர் வைத்துக்கொண்டு, இத்தாலியின் மாஜினியையும் பெல்ஜியத்தையும் பாடிய பாரதியா அடிமை? திரு.வி.க.வோடு ‘தேசபக்தன்’ இதழில் உழைத்த வெ. சாமிநாத சர்மா, பிளேட்டோவையும் ரூசோவையும் கிரேக்க வரலாற்றையும் தமிழில் எழுதிக் குவித்தாரே, அவரா? வெள்ளைக்காரனை வெளியேற்றத் துடித்தவர்கள்தான் அவனுடைய கண்டத்தை ஊன்றிப் படித்தார்கள். எதிராளியின் வழக்கைப் படிக்காத வக்கீல் தோற்பதற்கென்றே கோர்ட்டுக்குப் போகிறவர்.

நாம் அப்படித்தான் போகிறோம். ஏற்காட்டின் கதையைச் சேலம் கலெக்டர் காக்பர்னில் தொடங்கி, அவர் கொண்டுவந்த காப்பியில் முடித்துவிடுகின்றன சுற்றுலாக் கையேடுகள். காஞ்சிபுரத்திலிருந்து வந்ததாகச் சொல்லும் மலையாளிப் பழங்குடியினரின் ஊர்கள் அப்போதே அந்த மலையில் இருந்தன. இந்தக் கையேட்டுக் கதையை மறுக்க வெறும் ஆத்திரம் போதாது. ஐரோப்பாவுக்கு ஏன் அவ்வளவு காப்பி தேவைப்பட்டது, நிலவுடைமை பற்றிய எந்த எண்ணத்தோடு வெள்ளைக்காரர்கள் மலையேறினார்கள், மலையாளிகளின் பொது மேய்ச்சல் நிலம் அவர்கள் கணக்கில் ஏன் தரிசானது என்றெல்லாம் கேட்க வேண்டும். விடையில் பாதி ஐரோப்பாவின் வரலாற்றில்தான் இருக்கிறது.

இங்கிலீஷ் வராதே என்ற சாக்கும் செல்லாது. சாமிநாத சர்மாவின் நூல்கள் நாட்டுடைமையாகிவிட்டன. யாரும் அச்சிடலாம், யாரும் படிக்கலாம்.