சொல்லும் பொருளும்: மஜும்தார்

இத்திங்கள் நமக்கு வந்த கடிதங்களுள் ஒன்று, கொல்கத்தாவில் வாழும் சங்கத்து அன்பர் ஒருவரின் இல்லத்தரசியார் எழுதியது. மாடி வீட்டிற்கு மஜும்தார் என்னும் குடும்பத்தார் குடிவந்துள்ளனராம். ஊரிலிருந்து வந்திருக்கும் மாமியார், “அவர்கள் எந்தச் சாதி?” என்று நாள்தோறும் கேட்கிறாராம். பெயரைக் கொண்டு அறிய இயலுமா என்பது அம்மையாரின் வினா.

இயலாது. மஜும்தார் என்பது சாதிப் பெயரன்று, உத்தியோகப் பெயர். ‘மஜ்மூஆ’ என்னும் அரபுச் சொல்லும் ‘தார்’ என்னும் பாரசீக விகுதியும் கூடி ‘மஜ்மூஆதார்’ என நின்று, மக்கள் நாவில் தேய்ந்து மஜும்தார் ஆயிற்று. மஜ்மூஆ என்றால் தொகுப்பு, திரட்டு. தார் என்றால் வைத்திருப்பவர். பல இடங்களிலிருந்து வரும் வரிக்கணக்குகளை ஒன்றுகூட்டிப் பேரேட்டில் ஏற்றி, அவ்வேட்டைக் காத்து வந்தவரே மஜும்தார். ரயில்வேயில் நாள் முழுதும் கூட்டல் போட்டுக்கொண்டிருக்கும் நமக்கு இவர் ஒருவகையில் மூதாதையே! நம்மைச் சுட்டும் ‘குமாஸ்தா’ என்ற சொல்லும் பாரசீகம் தந்ததுதான். நியமிக்கப்பட்டவர் என்பது அதன் பொருள்.

மஜ்மூஆவின் அரபு வேருக்குக் ‘கூடுதல்’, ‘கூட்டுதல்’ என்று பொருள். மக்கள் தொழுகைக்குக் கூடும் வெள்ளிக்கிழமை ஜும்மா. கூடிய சபை ஜமாஅத். நம் தமிழ்நாட்டுத் தாலுகா அலுவலகங்களில் ஆண்டுதோறும் நடைபெறும் ஜமாபந்தியிலும் அந்த ‘ஜமா’வே இருக்கிறது. ‘தார்’ விகுதியோ தாசில்தாரோடு நிற்கவில்லை. மனுதாரர், பங்குதாரர் என்று தமிழில் நன்றாகவே வேரூன்றிவிட்டது. இவ்விதழைப் பெறும் சந்தாதாரர் அனைவரும் அவ்வகையில் மஜும்தாருக்கு விகுதி உறவினர் ஆவர்.

நிற்க. இப்பெயர் பல சாதியாரிடமும் காணப்படுவது ஏன்? அக்பரிடம் வருவாய்த்துறையை நடத்திய தோடர்மாலின் காலத்தில், வரிக்கணக்குகளைப் பாரசீக மொழியில் எழுதும் முறை நிலைபெற்றது. தோடர்மால் இந்து என்பது கருதத்தக்கது. எழுத்தையும் கணக்கையும் தொழிலாகக் கொண்ட இந்துக் குடும்பங்கள் பாரசீகம் பயின்று அப்பதவிகளில் அமர்ந்தன. பதவி தந்தையிடமிருந்து மகனுக்கு இறங்கியது. பட்டமே வீட்டுப் பெயராயிற்று. எனவே வங்கத்தில் பிராமணர், வைத்தியர், காயஸ்தர் ஆகியோரிடையே மஜும்தார்கள் உளர். சில்ஹெட் பகுதியில் முஸ்லிம் மஜும்தார்களும் உளர். 1916-இல் லக்னோ காங்கிரசுக்குத் தலைமை வகித்த அம்பிகா சரண் மஜும்தாரும், வரலாற்றறிஞர் ரமேஷ் சந்திர மஜும்தாரும் (1888–1980) இப்பெயரால் நாடறிந்தவர்கள்.

மராட்டியத்தில் நடந்தது இன்னும் சுவையானது. அங்கும் கணக்கதிகாரிக்கு முஜும்தார் என்றே பெயர். 1674-இல் முடிசூடிய சிவாஜி, பாரசீகப் பட்டங்களை நீக்கி வடமொழிப் பட்டங்களை வழங்கினார். முஜும்தார் ‘அமாத்தியர்’ ஆனார். ஆயினும் இன்றுவரை அங்கே முஜும்தார் என்னும் குடும்பப் பெயர் மறையவில்லை. 1837-இல் ஆங்கிலேயர் சட்டத்தால் நீதிமன்றங்களிலிருந்து பாரசீகத்தை அகற்றிய பின்னும் வங்கத்து மஜும்தார்கள் மஜும்தார்களாகவே இருந்தனர். அரசன் ஆணையிட்டால் பட்டம் மாறலாம். வீட்டில் அழைக்கும் பெயர் அவ்வளவு எளிதில் மாறுமா?

அம்மையாருக்கு இன்னொன்றும் சொல்ல வேண்டும். இங்குள்ள பள்ளிப் படிவங்களில் குடும்பப் பெயர் கேட்கும் இடத்தில், நம்மவர் பலரும் தந்தையின் பெயரையே எழுதுகிறோம். அதனால் இராமசாமி என்பவரின் மகனை வங்காளிகள் ‘இராமசாமி’ வமிசத்தான் என்று எண்ணிக்கொள்கின்றனர். இராமசாமிகள் எந்தச் சாதியார் என்று மாடியில் இந்நேரம் ஆராய்ச்சி நடந்துகொண்டிருக்கவும் கூடும்.

மாமியார் மீண்டும் கேட்டால், “கணக்குப்பிள்ளை வீட்டார்” என்று சொல்லிவிடலாம். பொருளில் பிழையில்லை. நம் கிராமங்களிலும் முன்பு கர்ணம் பதவி பரம்பரையாகத்தானே வந்தது? “எந்தப் பிள்ளை?” என்று அவர் அடுத்துக் கேட்பாராயின், அதற்கு நம்மிடம் விடையில்லை.