நூற்று இருபத்தைந்தில் ஒன்று குறைந்தது

"153 ஆம்ஸ்ட்ராங் எண் அல்ல" என்று அந்தப் பெண்ணின் திரையில் வந்திருந்தது.

விருதுநகர் பக்கம் ஒரு கல்லூரிக்குச் செய்முறைத் தேர்வு நடத்தப் போயிருந்தேன். ஆம்ஸ்ட்ராங் எண் புரோகிராமை ரெக்கார்டு நோட்டில் எழுதாத கம்ப்யூட்டர் மாணவர் தமிழ்நாட்டில் இருக்க மாட்டார். 153-இன் ஒவ்வோர் இலக்கத்தையும் மும்மடியாக்கினால் 1, 125, 27. கூட்டினால் மறுபடி 153. அவள் எழுதியதை வரிவரியாகப் பார்த்தேன். தர்க்கத்தில் குறையில்லை. மும்மடிக்கு 'பவ்' ஃபங்ஷனைக் கூப்பிட்டு, வந்ததை இன்டிஜராகக் கூட்டியிருந்தாள். பக்கத்தில் நின்ற ஆசிரியர், "லைப்ரரி ஃபங்ஷன் எப்படிம்மா தப்பு பண்ணும்? நீதான் எங்கயோ கோட்டை விட்டிருக்கே" என்றார். அவள் சரியாக இருந்த வரிகளை ஒவ்வொன்றாக அழிக்க ஆரம்பித்தாள்.

அந்த ஒரு வாக்கியத்தை எதிர்த்துத்தான் இதை எழுதுகிறேன். லைப்ரரியில் இருப்பது நிபுணர்கள் எழுதியது, உலகமே பயன்படுத்துவது, அது தப்பாது. கூப்பிடத் தெரிந்தால் போதும், உள்ளே நடப்பது நமக்கெதற்கு? எங்கள் மாவட்டத்தில் எந்த லேபுக்குப் போனாலும் இதுதான் வேதவாக்கு. இது பொய். பிள்ளைகளைத் தங்கள் சரியான வேலையையே சந்தேகப்பட வைக்கிற பொய் என்பதால் எனக்கு ஆத்திரம் வருகிறது.

'மேத்.ஹெச்' கோப்பை இன்க்லூட் செய்தால் கணக்கே புரோகிராமுக்குள் வந்துவிடுகிறது என்று மாணவர்கள் நினைக்கிறார்கள். அதில் இருப்பது பெரும்பாலும் பெயர்ப்பட்டியல். பவ் என்று ஒன்று உண்டு, இரண்டு தசம எண் கொடுத்தால் ஒரு தசம எண் திரும்ப வரும், அவ்வளவுதான். கணக்கைச் செய்யும் பகுதியை யாரோ எப்போதோ எழுதி, கம்பைல் செய்து, மனிதக் கண்ணுக்குப் படிக்க முடியாத இயந்திர மொழியாக வேறொரு கோப்பில் வைத்திருக்கிறார்கள். லினக்ஸில் அது 'லிப்எம்'. விண்டோஸில் ஒரு டிஎல்எல். லினக்ஸில் அதை இணைக்க மறந்து 'அன்டிஃபைன்ட் ரெஃபரன்ஸ்' என்று திட்டு வாங்கும் நாளில்தான் பலருக்கு அப்படியொரு கோப்பு இருப்பதே தெரியவருகிறது.

பவ், ஐந்தை மூன்று தடவை பெருக்குவதில்லை. அடுக்கு 2.7 என்றாலும் விடை சொல்லவேண்டிய ஃபங்ஷன் அது. அதனால் பொதுவாக மடக்கை வழியே போகிறது. ஐந்தின் மடக்கை முடிவில்லாமல் நீளும் தசமம்; எங்காவது வெட்டித்தான் ஆகவேண்டும். வெட்டியபின் கிடைப்பது 125-க்கு மயிரிழை குறைந்த ஓர் எண்ணாக இருக்கலாம். அதை அப்படியே அச்சிட்டால் 125.000000 என்று அழகாகத் தெரியும். இன்டிஜரில் போட்டாலோ, சி மொழி புள்ளிக்குப் பின்னால் உள்ளதை வெட்டி எறிந்துவிடும். 124. கூட்டுத்தொகை 152. பழைய மிங்ஜிடபிள்யூ கம்பைலர் உள்ள விண்டோஸ் கணினிகளில் இதைப் பலரும் பார்த்திருக்கிறார்கள். பத்தின் வர்க்கம் 99 என்று வந்ததும் உண்டு. அதே புரோகிராமை லினக்ஸில் ஓட்டினால் 125 வரும்.

இதை யாரும் மறைக்கவில்லை. 1985-இல் வந்த ஐஇஇஇ 754 தரநிலை, கூட்டல், கழித்தல், பெருக்கல், வகுத்தல், வர்க்கமூலம் ஆகியவற்றுக்குக் கடைசி பிட் வரை சரியாக முழுமையாக்கிய விடை வேண்டும் என்றது. சைன், லாக், பவ் பற்றி அப்படிக் கட்டாயம் விதிக்கவில்லை. 2008 திருத்தமும் பரிந்துரையோடு நின்றது. எழுதியவர்களே கொடுக்காத உத்தரவாதத்தை நாம் வகுப்பறையில் கொடுத்துக்கொண்டிருக்கிறோம்.

கடைசி பிட் சமாச்சாரம் நமக்கு எதற்கு என்பார்கள். சரி, சிவகாசிக் கணக்கு ஒன்றையே எடுத்துக்கொள்வோம். 1999 அக்டோபரில் மத்திய அரசு பட்டாசுச் சத்தத்துக்கு வரம்பு வைத்தது: வெடிக்கும் இடத்திலிருந்து 4 மீட்டரில் 125 டெசிபல். சரவெடியில் உள்ள ஒற்றை வெடிக்கு இந்த வரம்பு இன்னும் குறையும். எவ்வளவு? சரத்தில் உள்ள வெடிகளின் எண்ணிக்கைக்குப் பத்தடிமான மடக்கை கண்டு, ஐந்தால் பெருக்கி, கழிக்க வேண்டும். நூறு வாலாவுக்கு 10 கழித்து 115. ஆயிரம் வாலாவுக்கு 15 கழித்து 110.

இதை ஒரு மாணவரிடம் புரோகிராமாக எழுதச் சொல்லுங்கள். பள்ளியில் கிளார்க் டேபிளைப் புரட்டிய கை, லாக் என்றால் பத்தடிமானம் என்றே பழகியது. அவர் 'லாக்' என்று எழுதுவார். சி மொழியிலும் பைத்தானிலும் 'லாக்' என்பது இயல் மடக்கை. பத்தடிமானத்துக்கு 'லாக்10' என்று தனியே உண்டு. நூறு வாலாவுக்கு 23 டெசிபல் கழிந்து வரம்பு 102 ஆகிவிடும். ஆயிரம் வாலாவுக்கு 90.5. எக்ஸெல் கட்டத்தில் லாக் 100 என்று கேட்டால் 2. அதே எக்ஸெலுக்குள் இருக்கும் விபிஏ மேக்ரோவில் கேட்டால் 4.605. ஒரே நிறுவனம், ஒரே மென்பொருள், ஒரே பெயர். இரண்டிலும் லைப்ரரி தன் வேலையைச் சரியாகத்தான் செய்கிறது. திரையில் ஒரு எச்சரிக்கையும் வராது. 2018 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் சரவெடியையே தடுத்துவிட்டது, அது வேறு விஷயம். இந்தக் கணக்கைப் பாடமாக நடத்த எந்தத் தடையும் இல்லை.

"அப்படியானால் ஒவ்வொருவனும் சைன், லாக் எல்லாம் சொந்தமாக எழுத வேண்டுமா?" என்று கேட்கிறவர்கள் இருக்கிறார்கள். வேண்டாம். பட்டாசு ஆலையில் யாரும் அலுமினியப் பவுடரைத் தாங்களே அரைத்துக்கொள்வதில்லை, மூட்டையாக வாங்குகிறார்கள். ஆனால் எது எதனோடு சேரும், எது சேரக்கூடாது என்று தெரியாதவரை மருந்து அறைக்குள் விடமாட்டார்கள். குளோரேட்டும் கந்தகமும் ஒன்றாகக் கூடாது என்பதற்கு வேதியியல் பட்டம் தேவையில்லை. பவ் தருவது தசமம், அதை இன்டிஜரோடு கண்ணை மூடிக்கொண்டு சேர்க்காதே என்பதற்கும் பட்டம் தேவையில்லை. ஒரு வகுப்பு போதும். கூடவே, விடையை இன்னொரு வழியிலும் சரிபார்க்கும் பழக்கம் வேண்டும். விருதுநகர் பஜாரில் பழைய கணக்குப்பிள்ளைகள் பேரேட்டை மேலிருந்து கீழே கூட்டி, பிறகு கீழிருந்து மேலே கூட்டுவார்கள். இரண்டும் ஒத்துவந்தால்தான் பேனாவை மூடுவார்கள்.

அமெரிக்காவில் தாமஸ் நைஸ்லி என்ற கணிதப் பேராசிரியர் செய்ததும் அதுவே. 1994-இல் இரட்டைப் பகா எண்களின் தலைகீழிகளைக் கூட்டிக்கொண்டிருந்தார், விடை ஒத்துவரவில்லை. தன் புரோகிராமையே குற்றம் சொல்லிவிட்டு நிற்காமல், மாதக்கணக்கில் ஒவ்வொன்றாகச் சோதித்து விலக்கி, பென்டியம் சிப்பின் வகுத்தலே தப்பு என்று கண்டுபிடித்தார். வகுத்தலுக்காகச் சிப்பில் பதித்திருந்த அட்டவணையில் சில இடங்கள் விடுபட்டிருந்தன. இன்டெல் அதற்கு ஒதுக்கிய தொகை 47.5 கோடி டாலர்.

அந்தப் பெண்ணிடம் திரும்பிப் போனேன். "அழிச்சதை எல்லாம் திரும்ப எழுதும்மா. பவ்வை மட்டும் எடுத்துட்டு, இலக்கத்தை நீயே மூணு தடவை பெருக்கிப் பாரு" என்றேன். 153 ஆம்ஸ்ட்ராங் எண் என்று வந்தது. முதலில் வந்த விடையையும் ரெக்கார்டில் பக்கத்திலேயே எழுதிவைக்கச் சொன்னேன். எழுதிவிட்டு நிமிர்ந்து, "சார், அப்போ போன வருஷம் எனக்கு மார்க் குறைஞ்ச புரோகிராமும் சரியாத்தான் இருந்துச்சா?" என்று கேட்டாள்.